சுவாதிக்குக் காய்ச்சிய தண்ணீர்

திருச்சுழி அருகே
12.11.2024

அன்பு அண்ணனுக்கு,

தங்கை செல்வி எழுதுவது. இங்கே நான், அவர், மாமா, சௌந்தரம் அக்கா எல்லோரும் சுகம். நீ, மதினி, பிள்ளைகள் அங்கே சுகமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். எல்லோரும் சுகம் என்று எழுதிவிட்டேனே தவிர சுவாதி சுகமில்லை. அதற்குத்தான் இந்தக் கடிதம்.

போன் இருக்கும்போது கடிதம் எதற்கு என்று நினைப்பாய். சுவாதி காதுகுத்தில் நீ செய்த காரியத்துக்குப் பிறகு உன் போன் இந்த வீட்டில் அடிக்கக் கூடாது என்று அவர் சொல்லிவிட்டார். பிள்ளையை மடியில் வைத்துக் காது குத்தி முடித்தாய். பந்தியில் உட்கார்ந்தாய். என் மாமனார் என்றும் பார்க்காமல், மாமா தன் கையால் மோந்து கொடுத்த ஊருணித் தண்ணீரைத் தள்ளி வைத்துவிட்டு, பையிலிருந்து பாட்டிலை எடுத்துக் குடித்தாய். அந்த ஊருணியை வெட்டியது மாமாவின் அப்பா. கரையில் கல் நட்டுப் பெயர் வெட்டியிருக்கிறது. ஊரே பார்த்தது. தாய்மாமனுக்கு அவ்வளவு தாகம் எதற்கு என்று நான் இன்றுவரை யோசிக்கிறேன். போன் கூடாது என்றுதான் அவர் சொன்னார், தபாலைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை. நானும் கேட்டுக்கொள்ளவில்லை.

விஷயத்துக்கு வருகிறேன். தீபாவளிக்கு முன்பிருந்தே சுவாதிக்கு வயிறு சரியில்லை. ஒரு நாளைக்கு நாலைந்து தடவை போகிறாள். நுரைத்துக்கொண்டு, எண்ணெய் மிதக்கிற மாதிரி, நாற்றம் தாங்க முடியவில்லை. வயிறு மட்டும் உப்பி, கை கால் குச்சியாகிவிட்டது. மூன்றரை வயதுக்குப் பதினோரு கிலோ. பூச்சி மாத்திரை இரண்டு தடவை கொடுத்தாகிவிட்டது. ஒரு புழுவும் விழவில்லை. கண் திருஷ்டி என்று சுற்றிப் போட்டதும் ஆயிற்று.

சாப்பாடு ஊட்டுவதெல்லாம் சௌந்தரம் அக்காதான். அவருடைய அண்ணன் இறந்த பிறகு அக்காவுக்கு அடுப்படியும் சுவாதியும்தான் உலகம். இரண்டு வாய் வாங்கிக்கொண்டு பிள்ளை முகத்தைத் திருப்பினால் அக்காவும் சாப்பிடாமல் எழுந்துவிடுகிறார். எனக்குப் பயமாக இருக்கிறது அண்ணா. நீ லேப்பில் நாள் முழுக்க இதைத்தானே பார்க்கிறாய். என்ன செய்ய என்று எழுது.

மதினியைக் கேட்டதாகச் சொல்.
உன் தங்கை,
செல்வி


மதுரை
19.11.2024

அன்புள்ள செல்விக்கு,

கடிதம் வந்தது. இங்கு எல்லோரும் நலமே. உன் மதினிக்கு மட்டும் ஒரு வாரமாக இருமல், இப்போது குறைந்திருக்கிறது.

காதுகுத்து விஷயத்தைப் பிறகு பேசலாம். நான் செய்தது மரியாதை இல்லை என்று தெரியும். காரணம் இல்லாமல் செய்யவில்லை.

திருச்சுழியில் மெடிக்கல் வைத்திருக்கும் ஆனந்தகுமார் வியாழக்கிழமைதோறும் மருந்து எடுக்க மதுரை வருகிறார். அவரிடம் மூன்று சிறு பாட்டில்கள் கொடுத்தனுப்புகிறேன். உள்ளே இருக்கும் மருந்தைக் கொட்டிவிடாதே. பிள்ளை எட்டாமல் வை. ஒரு நாள் விட்டு ஒரு நாள் மூன்று முறை, கொட்டைப்பாக்கு அளவு மலம் எடுத்துப் போட்டுக் குலுக்கி, தேதி எழுதி அவரிடமே கொடு. மூன்று நாள் எதற்கு என்றால், சில கிருமிகள் தினமும் வெளியே வருவதில்லை.

பூச்சி மாத்திரை புழுவுக்கு. இது புழுவாக இருக்காது என்று நினைக்கிறேன். பார்க்காமல் சொல்ல மாட்டேன்.

அதுவரை சுவாதிக்குக் காய்ச்சின தண்ணீர் மட்டும் கொடு. தளதளவென்று கொதி வந்த பிறகும் ஒரு நிமிடம் அடுப்பில் இருக்கட்டும். துணியில் வடிகட்டுவது போதாது.

நலம் வேண்டும்,
ராஜகுரு


திருச்சுழி அருகே
3.12.2024

அன்பு அண்ணனுக்கு,

இங்கு மழை நன்றாகப் பெய்து ஊருணி நிரம்பிவிட்டது. மல்லி விதைப்பு முடிந்தது. நாங்கள் சுகம். மதினியின் இருமல் போய்விட்டதா? மிளகை நெய்யில் வறுத்துத் தரச் சொல்.

பாட்டில்களை ஆனந்தகுமார் அண்ணாச்சியிடம் கொடுத்துவிட்டேன். ஒரு துணிப்பையில் போட்டு அதற்கு மேல் இன்னொரு பை சுற்றிக் கொடுத்தேன். நெய்யா என்று கேட்டார். அண்ணனுக்கு என்று மட்டும் சொன்னேன்.

தண்ணீர் காய்ச்சுவதுதான் இங்கே பெரிய வழக்காகிவிட்டது. ஊருணித் தண்ணீரை அடுப்பில் வைத்ததும் மாமா அடுப்படி வாசலில் வந்து நின்றார். பானைக்குள் தேத்தாங்கொட்டை உரசி ராத்திரி முழுக்கத் தெளிய வைத்த தண்ணீர், உள்ளே காசு போட்டால் தெரியும், இதில் என்ன அழுக்கைக் கண்டீர்கள் என்று கேட்டார். சௌந்தரம் அக்காதான், பிள்ளைக்கு ஒத்துக்கொள்கிறதா என்று நாலு நாள் பார்க்கலாம் மாமா என்று தணிவாகச் சொன்னார். அக்கா சொன்னால் மாமா அதற்கு மேல் பேச மாட்டார். இந்த வீட்டில் அக்காவுக்கு இருக்கும் மரியாதை எனக்கு வர இன்னும் பத்து வருஷம் ஆகும்.

இப்போது சுவாதிக்கென்று தனிப் பாத்திரம். அக்கா காலையில் காய்ச்சி மூடி வைத்துவிடுகிறார். என்னைத் தவிர வேறு யாரையும் தொட விடுவதில்லை.

நீ கேட்காவிட்டாலும் சொல்கிறேன். ஊருணிக்குள் செருப்புப் போட்டு யாரும் இறங்குவதில்லை. குளிக்க, துவைக்க விடுவதில்லை. காவலுக்கு ஆள் இருக்கிறது. பஞ்சாயத்துக் குழாயில் பத்து நாளைக்கு ஒரு முறை தண்ணீர் வரும். போர் தண்ணீர் உப்பு, பருப்பு வேகாது. ஊருணி இல்லாவிட்டால் இந்த ஊரில் யாரும் குடியிருக்க முடியாது. அதை மனதில் வைத்து எழுது.

செல்வி


மதுரை
12.12.2024

அன்புள்ள செல்விக்கு,

நலம். அங்கும் அப்படியே இருக்க விரும்புகிறேன்.

மூன்று மாதிரிகளில் இரண்டில் தெரிந்தது. ஜியார்டியா என்று பெயர். கண்ணுக்குத் தெரியாத ஒற்றை உயிரணு. குடலுக்குள் சுவரைப் பிடித்துக்கொண்டு இருக்கும். சாப்பாட்டில் உள்ள கொழுப்பை உடம்பு எடுத்துக்கொள்ள விடாது. அதனால்தான் எண்ணெய் மிதக்கிறது, எடை ஏறவில்லை. ரிப்போர்ட்டை உடன் வைத்திருக்கிறேன். அருப்புக்கோட்டையில் குழந்தை டாக்டரிடம் காட்டு. அவர் கொடுக்கும் மருந்தைச் சொன்ன நாள் வரை கொடு. பேதி நின்றுவிட்டது என்று பாதியில் நிறுத்தாதே.

இது வெளியே வரும்போது தன்னைச் சுற்றி ஒரு கூடு கட்டிக்கொள்ளும். அந்தக் கூட்டோடு குளிர்ந்த தண்ணீரில் மாதக்கணக்கில் உயிரோடு இருக்கும். தெளிந்த தண்ணீரிலும் இருக்கும். காசு போட்டால் தெரியலாம், கூடு தெரியாது. குளோரின் மாத்திரைக்கும் எளிதில் சாகாது. கொதிக்க வைத்தால் செத்துவிடும்.

ஊருணிக்குள் யாரும் செருப்போடு இறங்குவதில்லை, சரி. ஊருணிக்குத் தண்ணீர் கொண்டுவரும் வரத்துக்கால் எந்த வழியாக வருகிறது? கருவேலங்காட்டு வழியாக வருகிறது. விடியற்காலையில் அங்கே யார் யார் எதற்குப் போகிறார்கள் என்று நான் எழுத வேண்டியதில்லை. ஆடுமாடும் அதே வழி. முதல் மழை எல்லாவற்றையும் கழுவிக்கொண்டு வந்து ஊருணியில் சேர்க்கிறது. பெரியவர்களுக்கு ஒன்றும் செய்யாமல் வயிற்றில் இருந்துகொண்டே இருக்கலாம். சிறு பிள்ளை தாங்காது.

மலம் கழித்த பிறகும், ஊட்டுவதற்கு முன்பும் சோப்புப் போட்டுக் கை கழுவ வேண்டும். நகம் வெட்ட வேண்டும். இதை எல்லோரிடமும் சொல்.

ராஜகுரு


திருச்சுழி அருகே
21.2.2025

அன்பு அண்ணனுக்கு,

இரண்டு மாதமாகக் கடிதம் போடவில்லை. கோபித்துக்கொள்ளாதே. மதினி, பிள்ளைகள் எப்படி இருக்கிறார்கள்? பொங்கலுக்கு நீ சீர் கொண்டு வரவில்லை என்று ஊரில் இரண்டு பேர் கேட்டார்கள். தபாலில் வரும் என்று சொல்லிவிட்டேன்.

எழுதாததற்குக் காரணம் சந்தோஷம்தான். டாக்டர் கொடுத்த மருந்து ஐந்தே நாளில் கேட்டது. பிள்ளை ஓடியாடினாள். பன்னிரண்டு கிலோவுக்கு வந்தாள். பொங்கலன்று கரும்பை விடவே இல்லை. உனக்கு நல்ல சேதி எழுத உட்காரும்போதெல்லாம் ஏதாவது வேலை வந்துவிடும்.

இப்போது நல்ல சேதி இல்லை. மாசி பிறந்ததும் மறுபடி ஆரம்பித்துவிட்டது. அதே நுரை, அதே நாற்றம். ஏப்பம் விட்டால் அழுகின முட்டை வாடை. ஏறிய ஒரு கிலோவும் இறங்கிவிட்டது. மறுபடி டாக்டரிடம் போனோம். மறுபடி மருந்து. வீட்டில் யாருக்காவது இருக்கும், அவர்களிடமிருந்து திரும்பத் திரும்ப ஒட்டுகிறது என்று டாக்டர் சொன்னார்.

அதிலிருந்து எனக்கு மனம் சரியில்லை. தண்ணீர் காய்ச்சித்தான் கொடுக்கிறோம். அப்படியும் வருகிறது என்றால் வேறு எந்த வழியாக வரும்? பிள்ளைக்குச் சோறு பிசைந்து ஊட்டுவது ஒரே ஒரு கை. எழுதவே கூசுகிறது. அக்கா கை கழுவாமல் ஊட்ட மாட்டார். ஆனாலும் ஊட்டும்போது நான் அந்த நகங்களையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறேன்.

வீட்டில் எல்லோருக்கும் பார்த்துவிடலாமா? பாட்டில் அனுப்பு. மாமா சம்மதிக்க மாட்டார் என்று நினைத்தேன். ஆனால் உடனே சரி என்றார். "அம்பது வருசத்துக்கு மேல ஊருணித் தண்ணிதான் என் வயித்துல ஓடுது. நல்லாப் பாத்துக்கிறச் சொல்லு" என்றார்.

செல்வி


மதுரை
11.3.2025

அன்புள்ள செல்விக்கு,

இங்கு நலம். பிள்ளைகளுக்குப் பரீட்சை நேரம். வெயில் ஆரம்பித்துவிட்டது.

நீ அனுப்பிய நாலு பேர் மாதிரிகளையும் பார்த்தேன். சௌந்தரம் அக்காவின் மாதிரியில் கூடுகள் இருந்தன. அவர்களுக்கு எந்தத் தொந்தரவும் இருக்காது. அது அவர்களுடைய தவறும் இல்லை. மருந்து சாப்பிட்டால் சரியாகிவிடும்.

அக்காவோடு சேர்த்து வீட்டில் எல்லோரும் டாக்டரைக் கேட்டு ஒரே சமயத்தில் மருந்து சாப்பிட்டுவிடுங்கள். ஒருவர் பாக்கி இல்லாமல். நீ கண்டிப்பாகச் சாப்பிடு. எனக்கு ஒன்றுமில்லையே என்று விட்டுவிடாதே.

எல்லோருக்கும் காய்ச்சின தண்ணீர் என்று ஆக்க முடிந்தால் நல்லது. மாப்பிள்ளையிடம் பக்குவமாகச் சொல்.

வேலை அதிகம். இத்தோடு முடிக்கிறேன்.

ராஜகுரு


திருச்சுழி அருகே
28.3.2025

அன்பு அண்ணனுக்கு,

சுகம் என்று எழுத மனம் வரவில்லை. நீங்கள் சுகமாக இருங்கள்.

உன் கடிதம் வந்தபோது அவர் வீட்டில் இருந்தார். கையில் வாங்கி அவரே பிரித்துச் சத்தமாக வாசித்தார். மாமா கட்டிலில் உட்கார்ந்திருந்தார். அக்கா அடுப்படியில் வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தார். "சௌந்தரம் அக்காவின் மாதிரியில்" என்ற இடம் வந்ததும் அவர் குரல் இறங்கியது. ஆனால் வாசித்து முடித்துவிட்டார்.

யாரும் அக்காவை ஒரு வார்த்தை திட்டவில்லை அண்ணா. அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை. மாமா தன் சந்தேகம் தீர்ந்தது போல, அப்படியானால் தண்ணீரில் குற்றமில்லை என்று மட்டும் சொன்னார். மறுநாள் காலையில் நான் அக்காவுக்கு முன்பே எழுந்து அடுப்பைப் பற்ற வைத்தேன். யாரும் சொல்லி நான் செய்யவில்லை. அக்கா வந்து பார்த்துவிட்டு வாசல் தெளிக்கப் போய்விட்டார். சுவாதி அக்காவிடம் போனபோது நான் கூப்பிட்டுக்கொண்டேன். அக்கா குடித்த டம்ளரைத் தனியாகக் கவிழ்த்து வைத்தேன். மருந்து சாப்பிடுகிற வரைதானே என்று நினைத்துச் செய்தேன்.

நாலாம் நாள் அக்கா பெட்டியைக் கட்டிவிட்டார். பந்தல்குடியில் அவர் தம்பி ரோட்டோரம் டீக்கடை வைத்திருக்கிறார், அங்கே போவதாகச் சொன்னார். நான் வாசல்வரை போய்க் கையைப் பிடித்தேன். அக்கா மெதுவாகக் கையை உருவிக்கொண்டார்.

"பேப்பர்லயே வந்துருச்சு செல்வி. இனி நான் எத ஆக்கி வச்சாலும் நீங்க எல்லாரும் மோந்து பாத்துத்தான் திம்பீக" என்றார்.

சுவாதி மூன்று நாள் பெரியம்மா பெரியம்மா என்று தேடினாள். எல்லோரும் மருந்து சாப்பிட்டோம். நீ சொன்னபடி நானும் சாப்பிட்டேன். பிள்ளைக்காகத்தானே இதெல்லாம் என்று மனதைத் தேற்றிக்கொள்கிறேன். நான் செய்தது சரிதானா என்று ஒரு வரி எழுது.

செல்வி


மதுரை
30.4.2025

அன்புள்ள செல்விக்கு,

தாமதத்துக்குக் காரணம் ஒன்றுமில்லை. இரண்டு முறை எழுதிக் கிழித்தேன். எல்லோரும் நலம்.

சுவாதி எப்படி இருக்கிறாள்? எடை என்ன?

ஒன்று கேட்கிறேன். தண்ணீரைக் குடத்தில் எடுப்பதிலிருந்து சுவாதி வாயில் போய்ச் சேரும்வரை என்னென்ன செய்கிறாய்? சின்ன விஷயம் என்று எதையும் விடாமல் எழுது. நீ எழுதிய மற்றதற்குப் பிறகு பதில் எழுதுகிறேன்.

சௌந்தரம் அக்காவின் பந்தல்குடி விலாசத்தையும் எழுது.

ராஜகுரு


திருச்சுழி அருகே
13.5.2025

அன்பு அண்ணனுக்கு,

இங்கு வெயில் கொளுத்துகிறது. ஊருணி வற்றி நடுவில் குட்டைபோலக் கிடக்கிறது. நாங்கள் இருக்கிறோம். பிள்ளைகளுக்கு லீவு விட்டாயிற்றா?

சரியா என்று ஒரு வரி கேட்டேன். ஒரு மாதம் கழித்துத் தண்ணீர் பற்றிக் கேள்வி கேட்டு எழுதுகிறாய். உன் லேப்புப் புத்தியை வீட்டில் கழற்றி வைக்கச் சொல்லி மதினியிடம் சொல்ல வேண்டும்.

சுவாதிக்குப் பத்து நாளாக மறுபடியும் போகிறது. பதினொன்றே கால் கிலோ. அக்கா போய் ஒன்றரை மாதம் ஆகிறது. இப்போது ஆக்குவதும் ஊட்டுவதும் நான். கை கழுவிக் கழுவித் தோல் உரிந்துவிட்டது. அப்படியும் வந்துவிட்டது. நேற்று நான் அடுப்படியில் உட்கார்ந்து அழுதேன்.

நீ கேட்டதை எழுதுகிறேன். காலையில் ஊருணியில் எடுத்து, தேத்தாங்கொட்டை உரசின பானையில் ஊற்றித் தெளிய வைப்பேன். மேலாக மோந்து வெள்ளைத் துணியில் வடிகட்டுவேன். சுவாதி பாத்திரத்தில் ஊற்றி அடுப்பில் வைப்பேன். கொதி வந்ததும் சுவரில் இருக்கும் கடிகாரத்தில் இரண்டு நிமிடம் பார்ப்பேன். நீ சொன்னது ஒன்று, நான் வைப்பது இரண்டு. இறக்கித் தட்டுப் போட்டு மூடுவேன். அக்காவும் இப்படித்தான் செய்வார். பிள்ளை கேட்கும்போது டம்ளரில் ஊற்றி, சூடாக இருந்தால் குடத்துத் தண்ணீர் கொஞ்சம் விட்டு விளாவிக் கொடுப்பேன். நாக்கு சுட்டால் அப்புறம் அந்தப் பக்கமே வர மாட்டாள். டம்ளரையும் வெந்நீரில்தான் கழுவுகிறேன்.

இதில் என்ன குற்றம் கண்டுபிடிக்கப் போகிறாய் என்று பார்க்கிறேன். அக்காவின் விலாசம் பின்பக்கம் இருக்கிறது.

செல்வி


மதுரை
17.5.2025

செல்விக்கு,

உன் கடிதம் இன்று காலையில் வந்தது. உடனே எழுதுகிறேன்.

விளாவுகிறாய் என்று எழுதியிருக்கிறாய். அந்தக் குடத்துத் தண்ணீர் காய்ச்சாதது. இரண்டு நிமிடம் கொதிக்க வைத்துக் கொன்றதை, கொஞ்சம் பச்சைத் தண்ணீரில் திரும்ப உயிரோடு ஊற்றிக் கொடுக்கிறாய். நோய் வரப் பத்துக் கூடு போதும். மருந்தில் குணமாவதும், சில வாரத்தில் திரும்ப வருவதும் இதனால்தான் என்று நினைக்கிறேன். நம் அம்மாவும் நமக்கு அப்படித்தான் விளாவிக் கொடுத்தாள். நீ வேறு எப்படிச் செய்வாய்? குளிக்கிற தண்ணீருக்கு நம் ஊரில் எல்லோரும் செய்வதைக் குடிக்கிற தண்ணீருக்கும் செய்தாய். இது என் தப்பு. காய்ச்சு என்று எழுதியவன் தானாக ஆற விடு என்று எழுதவில்லை.

இனி முதல் நாள் மாலையே காய்ச்சி, அதே பாத்திரத்தில் மூடியபடி ஆற விடு. அகப்பையோ டம்ளரோ உள்ளே விட வேண்டாம். குழாய் வைத்த பாத்திரம் ஒன்றை ஆனந்தகுமாரிடம் அனுப்புகிறேன். ஒரு சொட்டுப் பச்சைத் தண்ணீர் சேரக் கூடாது. டாக்டரிடம் காட்டி மறுபடி மருந்து கொடு.

இனி எழுத வேண்டியது இதைவிடக் கஷ்டமானது.

மார்ச்சில் நாலு பேரின் மாதிரி பார்த்தேன். மூன்று பேருக்கு இருந்தது. சௌந்தரம் அக்காவுக்கு, மாமாவுக்கு, உனக்கு. மாப்பிள்ளைக்குத் தெரியவில்லை. அவர் ஒரே ஒரு பாட்டில்தான் கொடுத்தார், இன்னொன்று பார்த்திருந்தால் அவருக்கும் இருந்திருக்கலாம். மூவரில் உன்னுடையதில்தான் அதிகம். அக்காவுடையதில் தேடித்தான் எடுக்க வேண்டியிருந்தது. நான் அக்கா பெயரை மட்டும் எழுதினேன்.

மாமா பெயரை எழுதினால் காதுகுத்துக்குப் பழி தீர்க்கிறேன் என்பார்கள் என்று நினைத்தேன். உன் பெயரை எழுதினால் பெற்ற தாயே பிள்ளைக்கு நோயைக் கொடுத்தாள் என்று அந்த வீட்டில் பேச்சு வரும் என்று நினைத்தேன். எல்லோரும் மருந்து சாப்பிட்டால் விஷயம் முடிந்துவிடும், அக்கா பெரிய மனுஷி, தாங்கிக்கொள்வார் என்று கணக்குப் போட்டேன். இதில் யார் யாருக்குக் கொடுத்தார்கள் என்று யாராலும் சொல்ல முடியாது. எல்லோரும் ஒரே குடத்தில்தான் குடித்தீர்கள். அது எனக்கு அன்றைக்கே தெரியும்.

நாலு பேரின் ரிப்போர்ட்டையும் நகலெடுத்து இதோடு வைத்திருக்கிறேன். வீட்டில் வாசித்துக் காட்டு. அக்காவுக்கும் இதே நகல்களை வைத்துத் தனியாக எழுதியிருக்கிறேன்.

ராஜகுரு


திருச்சுழி அருகே
12.6.2025

அண்ணனுக்கு,

எல்லோரும் சுகம். பாத்திரம் வந்தது. சுவாதிக்கு நின்றுவிட்டது. பதினொன்றேமுக்கால் கிலோ. ஆறின தண்ணீர்தான் கொடுக்கிறேன்.

பிள்ளைக்கு ஊட்டியதும் இதை எழுதுகிற இந்தக் கைதான் என்று நினைத்தாலே எனக்கு ஒருமாதிரி இருக்கிறது. நீ என்னைக் காப்பாற்றியதாக நினைத்துக்கொள்ளாதே. ஒன்றும் தெரியாமல் நான் அக்கா டம்ளரைக் கவிழ்த்து வைத்தேன். அதற்கு நீ என்ன பதில் சொல்வாய்?

வீட்டில் வாசித்துக் காட்டச் சொன்னாய். மாமாவுக்கு இந்த மாதம் உடம்பு அசதியாக இருக்கிறது. என் வீட்டுக்காரரும் பருத்தி விஷயமாக அலைகிறார். நேரம் பார்த்துச் சொல்கிறேன்.

செல்வி


பந்தல்குடி
2.7.2025

தம்பி ராஜகுருவுக்கு,

சௌந்தரம் எழுதுவது. கடிதம் எழுதிப் பழக்கமில்லை, பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள். நானும் என் தம்பி குடும்பமும் நலம். உங்கள் வீட்டில் எல்லோரையும் விசாரித்ததாகச் சொல்லவும்.

உங்கள் கடிதமும் பேப்பர்களும் மே மாதமே வந்தன. பதில் எழுத ஒன்றரை மாதம் ஆகிவிட்டது. முதலில் கோபத்தில் எழுதவில்லை. அப்புறம் என்ன எழுதுவது என்று தெரியாமல் எழுதவில்லை. இங்கே கடையில் தம்பிக்கு ஒத்தாசையாக வடை போடுகிறேன். லாரிக்காரர்கள் நன்றாக இருக்கிறது என்று கேட்டு வாங்கித் தின்கிறார்கள். அவர்களுக்குப் பேப்பர் விஷயம் தெரியாது. மருந்து நான் வரும்போதே சாப்பிட்டு முடித்துவிட்டேன்.

செல்வி தண்ணீர் விளாவுவதை நான் பக்கத்தில் நின்று பார்த்திருக்கிறேன். எனக்கும் அது தப்பென்று தோன்றவில்லை. அதற்காக நான் யாரையும் கோபிக்க மாட்டேன், தெரியாமல் நடந்தது. மார்ச்சில் நீங்கள் எழுதியது தெரிந்து எழுதியது. மன்னிப்புக் கேட்டிருக்கிறீர்கள். நான் மன்னித்துவிட்டேன் என்று எழுதினால் அது பொய்யாக இருக்கும். அதனால் எழுதவில்லை.

போன ஞாயிற்றுக்கிழமை செல்வி பிள்ளையைத் தூக்கிக்கொண்டு பஸ்ஸில் வந்தாள். சுவாதி கன்னம் கொஞ்சம் உப்பியிருக்கிறது. பன்னிரண்டு கிலோ தாண்டிவிட்டாளாம். என்னைக் கண்டதும் மடியில் ஏறிக்கொண்டாள், போகிறவரை இறங்கவில்லை. எனக்கு அழுகை வந்துவிட்டது. செல்வி என்னை வந்துவிடச் சொல்லிக் கெஞ்சினாள். அக்கா இல்லாமல் வீடு வீடாக இல்லை, மாமாவிடம் நான் பேசிக்கொள்கிறேன் என்றாள். பேப்பரைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை. எனக்கும் ஒரு கடிதம் வந்தது என்று அவளுக்குத் தெரியும். நானாகக் கேட்கட்டும் என்று இருந்தாள். நானும் கேட்கவில்லை. பஸ் ஏறும்போது அவள் முகத்தைப் பார்த்தேன். பயந்துபோயிருக்கிறாள் தம்பி. அந்த வீட்டில் அவள் இன்னும் யாரிடமும் சொல்லவில்லை.

அந்தப் பேப்பர்கள் என் பெட்டியில் இருக்கின்றன. நான் கொண்டுபோய் மாமா முன்னால் வைத்தால் என் பெயர் சுத்தமாகிவிடும். அன்றைக்குச் சாயங்காலமே செல்வி டம்ளரை யாராவது தனியாகக் கவிழ்த்து வைப்பார்கள். அது எப்படி இருக்கும் என்று எனக்குத் தெரியும். அதை நான் அவளுக்குச் செய்ய மாட்டேன். அவளாகச் சொல்லவும் அவளுக்குத் தைரியம் வராது.

நீங்கள் வாருங்கள். கடிதம் வேண்டாம், போன் வேண்டாம். நேரில் வந்து மாமா முன்னால் உட்கார்ந்து, தண்ணீர் விஷயத்தையும் பேப்பர் விஷயத்தையும் உங்கள் வாயால் சொல்லுங்கள். அவர் சத்தம் போடுவார். போடட்டும். என் பெயர் வாசிக்கப்பட்டபோது எனக்குப் பக்கத்தில் நிற்க யாரும் இல்லை. செல்விக்கு அண்ணன் இருக்கிறார், அவள் பெயர் வரும்போது பக்கத்தில் நில்லுங்கள். ஒன்று மட்டும் கேட்டுக்கொள்கிறேன். மாமா பெயர், அவள் பெயர், என் பெயர், மூன்றையும் ஒரே மூச்சில் சொல்லுங்கள். தனித்தனியாகச் சொன்னால் அதில் யாராவது ஒருவர் மாட்டிக்கொள்வார்.

அதற்குப் பிறகு நான் அந்த வீட்டுக்குப் போவதா வேண்டாமா என்று முடிவு செய்துகொள்கிறேன். ஞாயிற்றுக்கிழமைகளில் மாமா எங்கும் போக மாட்டார், வீட்டில்தான் இருப்பார். திருச்சுழியில் இறங்கினால் ஆட்டோ கிடைக்கும்.

இப்படிக்கு,
சௌந்தரம்